தானே இயக்கி தானே படம்பிடிப்பவருக்கு: பிளாக்மேஜிக் பாக்கெட் சினிமா கேமரா 4கே

இயக்கமும் ஒளிப்பதிவும் ஒருவர் கையிலேயே இருக்கும் படப்பிடிப்பில், நடிகரின் முகத்தின் மேல் இருக்க வேண்டிய கவனத்தில் எவ்வளவைக் கேமரா தன் பக்கம் இழுத்துக்கொள்கிறது என்பதுதான் நான் முதலில் பார்ப்பது. 2018-இல் 1,295 டாலர் விலையில் அறிமுகமான பிளாக்மேஜிக் பாக்கெட் சினிமா கேமரா 4கே, படத்தின் தரத்தில் தாராளமாகவும் கவனத்தைக் கேட்பதில் கறாராகவும் நடந்துகொள்கிறது.

குறைந்த வெளிச்சம்தான் இதன் பலம். ஒளிக்கு எவ்வளவு உணர்திறன் என்பதைக் குறிக்கும் ஐஎஸ்ஓவில், 400, 3200 என இரண்டு அடிப்படை அளவுகள் இதற்கு உண்டு. 1250-க்கு உயர்த்தியதுமே, ஒளியைப் படமாக மாற்றும் சென்சார் இரண்டாம் நிலைக்கு மாறிவிடுவதால், 1000-இல் எடுத்ததைவிட 1250-இல் எடுத்த ஷாட்டில் நிழல் பகுதிகள் தெளிவாக இருக்கும். வாடகை வீட்டின் ஒற்றை ட்யூப் லைட்டை நம்பிப் படமெடுப்பவர் இதைக் கட்டாயம் அறிந்திருக்க வேண்டும். (செழியன் தாமே எழுதி, இயக்கி, ஒளிப்பதிவும் செய்த ‘டு லெட்’ தேசிய விருது பெற்ற பிறகும், சிறிய வீட்டுக்குள் எடுக்கும் படத்தை இளக்காரமாகப் பேசுபவர்கள் இருக்கத்தான் செய்கிறார்கள்.) படத்தொகுப்பு, கலர் கிரேடிங் (நிறச் சீரமைப்பு), ஒலிக்கலவை மூன்றையும் செய்யக்கூடிய டாவின்சி ரிசால்வ் ஸ்டூடியோ மென்பொருளின் முழு உரிமமும் கேமராவுடனேயே கிடைத்தது, தனியாகப் படம் முடிப்பவருக்குப் பெரிய உதவி.

சிக்கல் ஃபோகஸில் தொடங்குகிறது. நகரும் நடிகரைத் தானாகவே பின்தொடரும் ஆட்டோஃபோகஸ் இதில் இல்லை. ஃபோகஸை மட்டும் கவனிக்கும் உதவியாளரான ஃபோகஸ் புல்லரும் இல்லாதபோது, வசனத்தைக் கேட்க வேண்டிய இயக்குநர் லென்ஸ் வளையத்தில் மூழ்கிப்போகிறார். சென்சார் சிறியது என்பதால், ஃபோகஸ் சற்றுத் தவறினாலும் தாங்கும்; எஃப்/4 அளவுக்கு லென்ஸின் துளையைக் குறுக்கி, நடிகர் நிற்கும் இடங்களை ஒத்திகையிலேயே முடிவு செய்துகொண்டால் பாதிச் சுமை குறையும். கைநடுக்கத்தைச் சமன்செய்யும் வசதி கேமராவுக்குள் இல்லாததால், கையில் பிடித்து எடுப்பதற்குத் தோளில் தாங்கும் சட்டமான தோள் ரிக் தேவை. ஐந்து அங்குலத் திரை அருமையானது, ஆனால் அது திரும்பாது. தரையோடு வைக்கும் ஷாட்டுக்கு நாமும் தரையில் படுக்க வேண்டியதுதான்.

உள்ளே போடும் எல்பி-இ6 பேட்டரி ஒரு மணி நேரத்தைக்கூடத் தாண்டாது. ஆகவே வெளிப்புற பேட்டரி, துணைக்கருவிகளைப் பொருத்த கேமராவைச் சுற்றி மாட்டும் கேஜ், அதிக வெளிச்சத்தைக் குறைக்கும் என்டி ஃபில்டர் ஆகியவற்றுக்கான தொகையை லென்ஸுக்கு முன்பே ஒதுக்கிவிடுங்கள். யுஎஸ்பி-சி வழியாக எஸ்எஸ்டி எனும் வெளிச் சேமிப்பகத்திலேயே நேரடியாகப் பதிவு செய்யலாம் என்பதால், விலையுயர்ந்த சிஃபாஸ்ட் மெமரி கார்டுகளுக்குச் செலவிட வேண்டியதில்லை.

ஒத்திகை பார்த்து எடுக்கும் கதைப்படத்துக்கு இதைத் தயங்காமல் பரிந்துரைப்பேன். அடுத்து என்ன நடக்கும் என்று தெரியாத ஆவணப்படத்துக்குப் பரிந்துரைக்க மாட்டேன். மைக்கை இணைக்க மினி எக்ஸ்எல்ஆர் உள்ளீடு இருக்கிறதே என்று ஒலிப்பதிவையும் தலையில் ஏற்றிக்கொள்ளாமல், குழுவில் ஒரே ஒருவரைத்தான் சேர்க்க முடியும் என்றால் அவரை ஒலிக்கே அமர்த்துங்கள்.