குறுக்குத்துறையில் ஒரு நாள் ஒளிப்படப் பயிற்சி: 5-க்கு 2

பாளையங்கோட்டையில் உள்ள ஒரு ஸ்டுடியோ நடத்தும் ஒரு நாள் ஒளிப்படப் பயிற்சியில் சென்ற மாதம் 1,200 ரூபாய் கட்டிச் சேர்ந்தேன். கேமராவைக் கையாளக் கற்றுத்தந்த விதத்தில் குறை சொல்ல இடமில்லை. வெயிலில் ஆற்றுநீர் வெளுத்துவிடாமல் எக்ஸ்போஷரை, அதாவது கேமராவில் பதியும் ஒளியின் அளவை, குறைப்பதை ஆசிரியர் ஒவ்வொருவர் அருகிலும் நின்று பொறுமையாகக் காட்டினார்.

என் மனம் ஒப்பாதது செய்முறை வகுப்புதான். விடியற்காலையில் எங்களைத் தாமிரபரணிக் கரையில் உள்ள குறுக்குத்துறைக்கு அழைத்துச் சென்றவர், முருகன் கோயில் அருகே குளித்துக்கொண்டிருந்த பெண்களைக் கரை மரங்களின் மறைவிலிருந்து தொலைவில் இருப்பதை அருகில் காட்டும் 300 மி.மீ. லென்ஸால் எடுக்கச் சொன்னார். கேட்டுவிட்டு எடுத்தால் முகத்தில் இயல்பு போய்விடும் என்றும், பொது இடத்தில் யாருடைய அனுமதியும் தேவையில்லை என்றும் விளக்கினார். தாமிரபரணிப் படித்துறைகளில் பெண்கள் தலைமுறைகளாக அச்சமின்றிக் குளிப்பது, கண்டும் காணாமல் முகம் திருப்பிக்கொள்ளும் மரியாதை அங்கே இருப்பதால்தான். மறைந்து நின்று எடுக்கும் படம் அந்த மரியாதையை முறித்துவிடுகிறது.

சட்டமும் அவர் சொன்னபடி இல்லை. அந்தரங்கம் அடிப்படை உரிமை என்று உச்ச நீதிமன்றத்தின் 9 நீதிபதிகள் அமர்வு 2017 ஆகஸ்ட் 24 அன்று அளித்த தீர்ப்பில், பொது இடத்தில் இருப்பதாலேயே ஒருவர் அந்த உரிமையை இழப்பதில்லை என்று நீதிபதி சந்திரசூட் எழுதியிருக்கிறார். உடலின் மறைவான பாகங்களை ஒப்புதலின்றிப் படமெடுப்பதற்கு 3 ஆண்டு வரை சிறை விதிக்கும் தகவல் தொழில்நுட்பச் சட்டத்தின் 66-இ பிரிவும், நடந்தது பொது இடமா தனியிடமா என்று வேறுபடுத்துவதில்லை.

நான் லென்ஸை மூடிவிட்டுப் படியிறங்கி, துணி அலசிக்கொண்டிருந்த ஓர் ஆச்சியிடம் கேட்டேன். “இருய்யா, ஈரச் சேலையோட வேண்டாம், மாத்திட்டு வாரேன்” என்றவர், திருநீறு பூசிக்கொண்டு வந்து ஆற்றைப் பார்த்து நின்றார். எடுத்த படத்தைத் திரையில் காட்டியபோது, கொண்டையைச் சரிசெய்துகொண்டு இன்னொன்றும் எடுக்கச் சொன்னார். அன்று நான் எடுத்தவற்றில் அந்த இரண்டாவது படத்தில் இருக்கும் இயல்பு வேறெதிலும் இல்லை.

மதியம் நடந்த படத்திருத்த வகுப்பு பயனுள்ளதே. ஆனால் ஸ்டுடியோவின் முன்னறையில், முந்தைய குழுவினர் எடுத்த படம் ஒன்று பெரிதாக மாட்டப்பட்டிருக்கிறது: ஈரத்துணியோடு படியேறும் ஓர் இளம்பெண். அவரிடம் கேட்டீர்களா என்றதற்கு எனக்குப் பதில் கிடைக்கவில்லை. அதைக் கழற்றும்படி எழுதிக் கொடுத்திருக்கிறேன். கழற்றிவிட்டு, எடுக்குமுன் கேட்பதையும் பாடமாகச் சேர்த்தால், அடுத்த வகுப்புக்கு என் தங்கையையும் அழைத்துக்கொண்டு வருவேன்.