உத்திரமேரூர் ஒரு நாள் சுற்றுலா: ஏரிக்கரைக்குப் பத்தே நிமிடம்

சென்ற தை மாதத்தில் ஒரு ஞாயிற்றுக்கிழமை, தாம்பரத்திலிருந்து புறப்படும் வரலாற்றுச் சுற்றுலா ஒன்றில் நானும் என் மனைவியும் உத்திரமேரூருக்குச் சென்று வந்தோம். கட்டணம் ஒருவருக்கு 1,800 ரூபாய். காலைச் சிற்றுண்டியும் மதிய உணவும் அதில் அடங்கும். குறை சொல்லப் போகிறேன் என்பதால் நடத்துபவர்களின் பெயரைத் தவிர்க்கிறேன். வண்டியிலும் உணவிலும் நேரம் தவறாமையிலும் எங்களுக்கு மனக்குறை ஏதும் இல்லை.

முதலில் பாராட்ட வேண்டியதைப் பாராட்டிவிடுகிறேன். வைகுண்டப் பெருமாள் கோயில் மண்டபத்துச் சுவரில் உள்ள முதலாம் பராந்தக சோழனின் இரண்டு கல்வெட்டுகளையும், அதாவது 919ஆம் ஆண்டில் எழுதப்பட்டதையும் இரண்டே ஆண்டுகள் கழித்து அதன் விதிகளைத் திருத்தி எழுதப்பட்டதையும், வழிகாட்டி வரிவரியாக விரல் வைத்துப் படித்துக் காட்டினார். ஊரின் வாரியங்களுக்கு, அதாவது நிர்வாகக் குழுக்களுக்கு, ஆட்களைத் தேர்ந்தெடுக்க ஊரை 30 குடும்புகளாக (தொகுதிகளாக) பிரித்து, தகுதியுள்ளோர் பெயர்களை ஓலையில் எழுதிக் குடத்தில் இட்டு, ஒன்றும் அறியாத ஒரு சிறுவனைக் கொண்டு எடுக்கச் செய்த குடவோலை முறையை அவர் சொன்ன விதம் அருமை. எடுத்த ஓலையை மத்தியஸ்தன் ஐந்து விரல்களையும் அகல விரித்து உள்ளங்கையில்தான் ஏற்று வாங்க வேண்டும் என்பது விதி. அதைத் தம் கையை விரித்தே அவர் காட்டியபோது, கூட்டத்திலிருந்த பிள்ளைகளும் விரித்துப் பார்த்துக்கொண்டார்கள். கணக்குக் காட்டாமல் போனவரும் அவருடைய உறவினரும் மீண்டும் வாரியத்துக்கு வர முடியாது என்ற பகுதிக்கு எழுந்த சிரிப்பைப் பற்றி நான் எழுதத் தேவையில்லை.

ஆனால் இதையே அவர் 'உலகின் முதல் மக்களாட்சி' என்று மூன்று முறை சொன்னதை ஏற்க இயலவில்லை. உத்தரமேருச் சதுர்வேதிமங்கலம் என்று அன்று பெயர் பெற்ற இந்த ஊர், பல்லவ மன்னன் இரண்டாம் நந்திவர்மன் காலத்தில், 8ஆம் நூற்றாண்டில், பிராமணர்களுக்குக் கொடுக்கப்பட்ட பிரமதேயம். ஓலையில் பெயர் ஏறுவதற்குப் பொதுவாகக் கால் வேலிக்கு (வேலி ஒரு பழைய நில அளவு) மேல் வரி செலுத்தும் நிலமும், சொந்த மனையில் கட்டிய வீடும், 35க்கும் 70க்கும் இடைப்பட்ட வயதும், வேதக் கல்வியும் வேண்டும். அந்த நிலத்தில் இறங்கி நாற்று நட்டவர்களின் பெயர் எந்தக் குடத்திலும் விழவில்லை. இதைச் சொல்வதால் கல்வெட்டின் மதிப்பு குறையாது. சொல்லாமல் விடுவதால் கேட்பவர்களுடைய அறிவுதான் குறையும்.

என் முதன்மையான குறை வேறு. அதே கல்வெட்டு சம்வத்சர (ஆண்டு) வாரியத்துக்கும் தோட்ட வாரியத்துக்கும் தலா பன்னிருவரையும், ஏரி வாரியத்துக்கு அறுவரையும் தேர்ந்தெடுக்கச் சொல்கிறது. ஏரியைக் காப்பதற்கென்று தனியாக ஒரு வாரியம் அமைத்த ஊருக்கு அழைத்துச் சென்றுவிட்டு, ஏரிக்கரையில் பத்து நிமிடம் மட்டும் நிறுத்தி, அதையும் படம் எடுத்துக்கொள்வதற்கான நேரம் என்று அறிவித்தார்கள்.

இந்த மண்ணின் அமைப்பு விளங்காமல் இந்த ஊரின் வரலாறு விளங்காது. பழைய தொண்டை மண்டலத்துக் காலியூர்க் கோட்டத்தைச் சேர்ந்த இந்தப் பகுதியில் ஆண்டு முழுவதும் ஓடும் ஆறு கிடையாது. மாமண்டூர் அருகே பாலத்தைக் கடந்தபோது கீழே பார்த்த பாலாறு பெரும்பாலும் மணலாகத்தான் கிடந்தது. வழிகாட்டி அப்போது ஒலிபெருக்கியை அணைத்து வைத்திருந்தார். ஐப்பசி, கார்த்திகையில் வடகிழக்குப் பருவமழை சில வாரங்களில் கொட்டித் தீர்ப்பதைத் தேக்கி வைத்தால்தான் அடுத்த சில மாதங்களுக்குப் பயிர் நிற்கும். நிலம் கிழக்கு நோக்கி மெல்லச் சரிவதால், சரிவின் கீழ்ப்பக்கம் கரை எழுப்பி, மதகு வைத்து, மிகுந்த நீர் கலங்கல் வழியாக அடுத்த ஏரிக்குப் போகும்படி விட்டிருக்கிறார்கள். உத்திரமேரூர் ஏரிக்குக் கல்வெட்டுகள் தரும் பெயர் வைரமேக தடாகம். வைரமேகன் என்பது பல்லவன் தந்திவர்மனின் பட்டப்பெயர். ஏரியில் குழி தோண்டித் தூர் அகற்றுவதற்கென்று அந்தக் காலத்திலேயே அறக்கட்டளைகள் வைக்கப்பட்டிருக்கின்றன. ஏரியில் நீர் இல்லையென்றால் கால் வேலியில் விளைச்சல் இல்லை, விளைச்சல் இல்லையென்றால் வரி இல்லை, வரி இல்லாத நிலத்துக்காரர் பெயர் குடத்துக்குள் போகாது. குடவோலையின் வேர் இந்தக் கரையில் இருக்கிறது என்று ஒரே ஒரு வாக்கியம் சொல்லியிருந்தால்கூட எனக்குப் போதுமாக இருந்திருக்கும்.

கொடுத்த பத்து நிமிடத்தில் மதகடியில் நின்றிருந்த முதியவர் ஒருவரிடம் நான்தான் பேச்சுக் கொடுத்தேன். ஒரு பக்கம் சம்பா அறுவடை நடந்துகொண்டிருந்தது. மறுபக்கம் அடுத்த நெல் பருவமான நவரைக்கு நாற்று நின்றது. "நவரை கரையேறிடுங்க ஐயா. சொர்ணவாரிக்குக் கெணத்துத் தண்ணிதான்" என்றார். சொர்ணவாரி நவரைக்கு அடுத்த நெல் பருவம். இரண்டு வாக்கியத்தில் அந்த ஊரின் ஆண்டு முழுவதையும் அவர் சொல்லிவிட்டார். அதற்குள் வண்டியின் ஒலிப்பான் ஒலித்தது.

சுந்தர வரதராஜப் பெருமாள் கோயிலுக்கு ஒதுக்கிய நேரம் போதுமானது. ஒன்றன்மேல் ஒன்றாக மூன்று நிலைகளில் பெருமாள் நின்றும் இருந்தும் கிடந்தும் காட்சி தரும் கோயில் அது; படிகள் குறுகலானவை, முழங்கால் வலி உள்ளவர்கள் கவனிக்க வேண்டும். மதியத்துக்குப் பின் ஒரு பட்டுக் கடையில் முக்கால் மணி நேரம் நிறுத்தியதற்குக் காரணம் எனக்கு விளங்கவில்லை. அந்த நேரத்தில் பாலாறும் செய்யாறும் வேகவதியும் கூடும் திருமுக்கூடலுக்குப் போயிருக்கலாம். 15 படுக்கைகள் கொண்ட மருத்துவச் சாலையைப் பற்றிப் பேசும் வீரராஜேந்திரனின் கல்வெட்டு அங்கே இருக்கிறது.

திரும்பும் வழியில் கொடுத்த கருத்துத் தாளில் இவற்றையெல்லாம் எழுதினேன். ஏரியைப் பார்க்க யாரும் கேட்பதில்லை என்று ஒருங்கிணைப்பாளர் மரியாதையாகவே பதில் சொன்னார். கல்வெட்டுக்காக மட்டும் செல்வோருக்கு இந்தச் சுற்றுலாவைத் தயங்காமல் பரிந்துரைப்பேன், ஐந்துக்கு மூன்று மதிப்பெண். ஊரையும் பார்க்க விரும்புவோர் காஞ்சிபுரத்திலிருந்தோ செங்கல்பட்டிலிருந்தோ பேருந்தில் செல்லலாம். மார்கழி, தை மாதங்களில், ஏரியில் நீர் இருக்கும்போது, காலையிலேயே கரைக்குப் போய்விட்டுப் பிறகு கோயிலுக்கு வரலாம். வைகுண்டப் பெருமாள் கோயில் சுவர் எங்கேயும் போய்விடாது.