லேக்காக்: ஒரே வீட்டுக்காரரிடம் இருக்கும் ஊர்

பிள்ளைகளின் பட்டமளிப்பு விழாவுக்காக இங்கிலாந்து செல்லும் பினாங்குப் பெற்றோர், லண்டனைச் சுற்றி முடித்தபின் ஒரு நாளைக் கிராமத்தில் கழிக்க விரும்பினால், வில்ட்ஷியரிலுள்ள லேக்காக்கைத் தயங்காமல் பரிந்துரைப்பேன். பாடிங்டன் நிலையத்திலிருந்து சிப்பனம் வரை ரயிலில் ஏறத்தாழ ஒன்றேகால் மணி நேரம். அங்கிருந்து தெற்கே சுமார் 5 கிலோமீட்டர் பேருந்தில் செல்ல வேண்டும்.

கம்பளி வணிகத்தால் செழித்த ஊர் இது. மரச்சட்ட வீடுகளும் கல் வீடுகளும் நெருங்கி நிற்கும் தெருக்களில் மின்கம்பியோ தொலைக்காட்சி ஆன்டெனாவோ கண்ணில் படுவதில்லை. சாலிஸ்பரி சீமாட்டி ஏலா, கணவரை இழந்தபின் 1232-இல் இங்கே கன்னியர் மடம் ஒன்றை நிறுவி, பின்னர் தாமே அதன் தலைவியானார். எட்டாம் ஹென்றி மன்னர் மடங்களைக் கலைத்தபோது 1539-இல் இதுவும் மூடப்பட்டது. அதை வாங்கிய வில்லியம் ஷாரிங்டன் தேவாலயத்தை இடித்தாலும், வளைவுத் தூண்கள் சூழ்ந்த நடைகூடத்தை விட்டுவைத்து, எஞ்சியதை மாளிகையாக்கினார். ஹாரி பாட்டர் படங்களில் பிள்ளைகள் பார்த்திருக்கும் நடைகூடம் அதுதான். மாளிகை பின்னர் டால்பட் குடும்பத்திடம் சேர்ந்தது. 1944-இல் மெட்டில்டா டால்பட் அம்மையார் மாளிகையையும் கிராமத்தையும் சேர்த்தே, பழைய கட்டடங்களைப் பாதுகாக்கும் நேஷனல் டிரஸ்ட் அமைப்புக்குக் கொடுத்துவிட்டார்.

பினாங்கின் ஜார்ஜ் டவுனை அறிந்தவர்களுக்கு இந்த இடம் யோசிக்க வைக்கும். நம்மூரில் வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டம் 2000-ஆம் ஆண்டோடு செயலிழந்ததும், தலைமுறைகளாகக் கடைவீடுகளில் இருந்த குடும்பங்கள் பல வெளியேறின. சில கட்டடங்களில் மனிதருக்குப் பதிலாக, உணவாக விற்கப்படும் கூடுகளுக்காகப் பறவைகள் குடியேற்றப்பட்டன. 2008-இல் யுனெஸ்கோ உலக மரபுரிமைத் தகுதி வந்தபோது சுவர்கள் இருந்தன, ஆள்கள் குறைந்திருந்தார்கள். லேக்காக்கில் பெரும்பாலான வீடுகளுக்கு நேஷனல் டிரஸ்டே வீட்டுக்காரர் என்பதால், அவற்றில் இன்றும் வாடகைக்குக் குடும்பங்கள் வாழ்கின்றன. ஊர்ப் பிள்ளைகளுக்குத் தொடக்கப்பள்ளியும் இருக்கிறது. ஆகவே சன்னல்களில் முகம் பதித்து எட்டிப் பார்க்காதீர்கள். உள்ளே யாராவது சாப்பிட்டுக்கொண்டிருப்பார்கள்.

மாளிகைக்குள் அவசியம் நிற்க வேண்டிய இடம் தெற்குக் கூடத்தின் மாடச் சன்னல். அந்தக் குடும்பத்தவரும் ஒளிப்படக்கலை முன்னோடியுமான வில்லியம் ஹென்றி ஃபாக்ஸ் டால்பட் 1835 ஆகஸ்டில் இதைப் படமெடுத்தார். இன்று எஞ்சியிருக்கும் ஒளிப்பட நெகட்டிவ்களில் மிகப் பழையது அதுவே. அஞ்சல் தலையைவிடச் சற்றே பெரியதான, தாளில் பதிந்த அந்த நெகட்டிவில், எடுத்த புதிதில் உருப்பெருக்கிக் கண்ணாடி வைத்துப் பார்த்தால் சன்னலின் சுமார் 200 சதுரங்களை எண்ண முடிந்தது என்று அவரே குறித்துவைத்திருக்கிறார். தாளைப் பற்றிப் படித்துவிட்டு அதே சன்னலின் முன் நின்று சதுரங்களை எண்ணத் தொடங்கினால் நேரம் போவதே தெரியாது. நுழைவாயிலருகே அவர் பெயரில் உள்ள அருங்காட்சியகம் ஒளிப்படக்கலையின் வரலாற்றை நன்றாகவே சொல்கிறது. இவற்றுக்குக் கட்டணம் உண்டு; தெருக்களில் நடப்பதற்கு இல்லை.

ஜார்ஜ் இன் என்ற பழைய மதுவிடுதியில் குடிக்காதவர்களும் எட்டிப் பார்க்க வேண்டும். கணப்படுப்பின் அருகே மரச் சக்கரம் ஒன்று இருக்கிறது. அதனுள் குட்டைக்கால் நாயை ஓடவிட்டு, நெருப்பின் மேல் இறைச்சி குத்திய கம்பியைச் சுழல வைத்தார்களாம். பாவம் அந்த நாய், வாசனை மட்டும் அதற்கு. விளைச்சலில் பத்தில் ஒரு பங்கைக் காணிக்கையாகச் சேர்த்துவைத்த 14-ஆம் நூற்றாண்டுக் களஞ்சியமும், குடித்துக் கலாட்டா செய்தவர்களை அடைத்த கற்கொட்டடியும் அருகருகே உள்ளன.

சாப்பாட்டு விஷயத்தில் எதிர்பார்ப்பைக் குறைத்துக்கொள்ளுங்கள். ஜாமும் கெட்டிப் பாலேடும் தடவிய ஸ்கோன் அருமை. தேநீர், நம்மூரில் இழுத்து ஆற்றித் தரும் தே தாரிக் குடித்துப் பழகிய நாக்குக்கு உறைக்காது. சைவ உணவுக்காரர்கள் காரத்துக்கு ஊறுகாய்ப் பொட்டலம் ஒன்றை எடுத்துச் செல்லலாம். வார இறுதியில் கூட்டம் மிகுதி; வாரநாள் காலையே ஏற்றது. காரில் வருபவர்கள் ஊருக்கு வெளியே வண்டியை நிறுத்திவிட்டு நடக்க வேண்டும். நடைபாதைக் கற்களும் சமமாக இல்லை. முட்டிவலி உள்ள பெரியவர்களை அழைத்துச் சென்றால், அவர்களை ஊர் எல்லையிலேயே இறக்கிவிட்டுப் பிறகு வண்டியை நிறுத்தப் போவது நல்லது.