கழிவு மை கவுன்டர்: எண்ணை மட்டும் அழித்தால் போதுமா?

நாகர்கோவிலிலும் மார்த்தாண்டத்திலும் ஜெராக்ஸ் கடை, ஸ்டுடியோ நடத்துகிற பலருக்கும் இந்தத் தொல்லை தெரியும். எப்சன் எல் வரிசைப் பிரிண்டரில் விளக்குகள் மாறி மாறி மின்னும். கழிவு மையை உறிஞ்சும் பஞ்சான இங்க் பேடின் ஆயுள் முடிந்தது என்று கம்ப்யூட்டர் சொல்லும். அதன்பின் ஒரு தாளும் நகராது. கேனானில் இதுவே 5பி00 பிழை. ஹெட் கிளீனிங்கில், அதாவது அச்சு முனையைச் சுத்தம் செய்யும்போது, வெளியேறும் மை அடியிலுள்ள பேடுக்குப் போகிறது. எவ்வளவு போனது என்று பிரிண்டர் கணக்கு மட்டுமே வைக்கிறது, அந்த எண்தான் கவுன்டர்; பேடின் ஈரத்தை அது அளப்பதில்லை.

இந்தக் கவுன்டரை அழிக்க (ரீசெட் செய்ய) இணையத்தில் இலவசமாகக் கிடைக்கும் ‘அட்ஜஸ்ட்மென்ட் புரோகிராம்’ என்ற மென்பொருளின் நகல்களை நான் தொடவே மாட்டேன். ஆன்டிவைரஸை அணைத்துவிட்டு ஓட்டு என்கிறார்கள். வாடிக்கையாளர்களின் ஆதாரும் பாஸ்புக்கும் ஸ்கேன் செய்து வைத்திருக்கும் கம்ப்யூட்டரில் அதை எப்படி ஓட்டுவது?

டபிள்யூஐசி (WIC) என்ற ரீசெட் மென்பொருளுக்குக் காசு கொடுத்து வாங்கும் கீ, அதாவது குறியீடு, அதைவிட நேர்மையான வழி. ஒரு கீ ஒரு ரீசெட்டுக்குத்தான். கவுன்டர் எத்தனை சதவீதத்தில் நிற்கிறது என்பதை அந்த மென்பொருளில் இலவசமாகவே பார்க்கலாம். பத்து நிமிடத்தில் பிரிண்டர் ஓடத் தொடங்கும்.

ஆனால் அழிந்தது எண் மட்டுமே. பேடில் ஊறிய மை அப்படியே இருக்கிறது. அதிலுள்ள நீர் ஆவியானால்தான் அடுத்த மைக்கு இடம் கிடைக்கும். தென்மேற்கு, வடகிழக்கு என இரண்டு பருவமழையும் நனைக்கிற இந்த மாவட்டத்தில் அது மெதுவாகத்தான் காயும். ஓரம் விடாமல் போட்டோ அச்சிடும் ஸ்டுடியோக்களில் தாளுக்கு வெளியே சிந்தும் மையும் சேர்ந்துகொள்ளும். பேடை மாற்றாமல் மறுபடி மறுபடி ரீசெட் செய்தால் மை அடித்தட்டில் வழிந்து மேசையைக் கெடுக்கும். மின் பாகங்களையும் எட்டலாம். கீ வாங்குகிறவர் புதுப் பேடையும் சேர்த்தே வாங்க வேண்டும். அச்சு அதிகமுள்ள கடைகள் கழிவுக் குழாயை நீட்டி, பிரிண்டரைவிடத் தாழ்வாக வைத்த புட்டியில் விடலாம். வாரண்டி முடிந்த பிரிண்டரில் மட்டும்.

வாரண்டி இருந்தால் சர்வீஸ் சென்டர்தான். பேட், ரீசெட் இரண்டும் ஒரே கையில் முடியும். குலசேகரம் பக்கத்திலிருந்து பிரிண்டரைத் தூக்கிக்கொண்டு பஸ் ஏறுவதும், கடை நின்றுபோவதும்தான் சிரமம்.

புதிதாக வாங்குகிறவருக்கு என் பரிந்துரை கேனான் ஜி3020, எப்சன் எல்6190 போன்றவை. கழிவு மைப் பெட்டியை நாமே கழற்றி மாற்றிக்கொள்ளலாம். கீயும் வேண்டாம், மென்பொருளும் வேண்டாம். விலை கூடினாலும் தினமும் அச்சிடும் கடைக்கு அதுதான் சரி.