லேக்காக் கிராமம்: எதற்கு டிக்கெட் வாங்கலாம், எதற்கு வேண்டாம்

இங்கிலாந்தின் வில்ட்ஷயரில், சிப்பன்ஹாம் ஊருக்குத் தெற்கே சில மைல் தள்ளி இருக்கிறது லேக்காக். முக்கியமானவை நான்கே தெருக்கள்: ஹை ஸ்ட்ரீட், வெஸ்ட் ஸ்ட்ரீட், சர்ச் ஸ்ட்ரீட், ஈஸ்ட் ஸ்ட்ரீட். எல்லாம் சேர்ந்து ஒரு சதுரம். வேகமாக நடந்தால் அரை மணி நேரம்கூட ஆகாது. பலர் அப்படி ஒரு சுற்றுச் சுற்றிவிட்டு, பழைய கன்னியர் மடத்தில் நாலு செல்ஃபி எடுத்துக்கொண்டு, டிக்கெட் காசு தண்டம் என்று முணுமுணுத்தபடி கிளம்பிவிடுகிறார்கள். அவர்கள் பார்த்த வரைக்கும் தண்டம்தான். ஊரின் பாதிச் சிறப்பு காசில்லாமலே கிடைக்கிறது. டிக்கெட் எதற்காகவோ, அந்த மாடி அறைக்கு அவர்கள் ஏறுவதே இல்லை.

மடமும் ஊரின் பெரும்பகுதியும் நேஷனல் டிரஸ்ட் என்ற அறக்கட்டளைக்குச் சொந்தம். 1944இல் அப்போதைய உரிமையாளர் மடில்டா டால்பட் மொத்தமாக எழுதிக்கொடுத்தார். வீடுகளில் வாடகைக்கு ஆட்கள் குடியிருக்கிறார்கள். இது காட்சிக்காகக் கட்டி வைத்த செட் இல்லை. தலைக்கு மேல் மின்கம்பி கிடையாது, கூரையில் ஆன்டெனா கிடையாது, சாலையோரம் மஞ்சள் கோடு கிடையாது. சரித்திரப் படம் எடுப்பவர்கள் இங்கே விழுந்தடித்துக்கொண்டு வருவதற்கு இதுதான் காரணம். படப்பிடிப்பு நடக்கும் நாட்களில் சில தெருக்களையோ மடத்தின் ஒரு பகுதியையோ மூடிவிடுவார்கள் என்பதால், கிளம்பும் முன் டிரஸ்டின் இணையதளத்தில் அன்றைய நிலவரத்தைப் பார்த்துவிடுங்கள்.

காரில் வருபவர்கள் ஊருக்குள் இடம் தேடி அலைய வேண்டாம். அங்கே நிற்பவை குடியிருப்பவர்களின் வண்டிகள். ஹிதர் வே சாலையில் டிரஸ்டின் வண்டி நிறுத்துமிடம் இருக்கிறது. அங்கிருந்து ஊருக்குச் சில நிமிட நடை. உறுப்பினர்களுக்கு இலவசம், மற்றவர்கள் மடத்துக்குள் போகாவிட்டாலும் கட்டணம் கட்ட வேண்டும். ரயில் என்றால் லண்டன் பாடிங்டனிலிருந்து சிப்பன்ஹாம் ஒன்றேகால் மணி நேரம் போல. அங்கிருந்து மெல்க்‌ஷாம் பக்கம் போகும் பேருந்து. திரும்பிவரக் கடைசி வண்டி எத்தனை மணிக்கு என்பதை இறங்கும்போதே குறித்துக்கொள்ளுங்கள், ஞாயிற்றுக்கிழமை என்றால் கட்டாயமாக.

காலையில் முதல் வேலையாக இலவசப் பகுதியை முடித்துவிடுவது உத்தமம். மடம் திறந்து சுற்றுலாப் பேருந்துகள் வந்துவிட்டால் சர்ச் ஸ்ட்ரீட்டில் ஒரு வீட்டையும் முழுதாகப் பார்க்க முடியாது. அந்தத் தெருவில் வளைந்த இரட்டை மரங்கள் சுவரில் தெரியும் ஒரு பழைய வீடு உண்டு. இயற்கையிலேயே வளைந்து வளர்ந்த ஓக் மரத்தை நெடுக்காக இரண்டாகப் பிளந்து, இரு பாதியையும் எதிரெதிரே நிறுத்தி, உச்சியில் சேர்த்துக் கூரைப் பாரத்தை நேரே தரையில் இறக்கிவிடும் தச்சு வேலை அது. சுவருக்கு அங்கே பாரம் தாங்கும் வேலை இல்லை, வெறும் மறைப்புதான்.

அதே தச்சு பெரிய அளவில் ஈஸ்ட் ஸ்ட்ரீட்டின் தசமபாகக் களஞ்சியத்தில் இருக்கிறது. பதினான்காம் நூற்றாண்டுக் கட்டடம், நீளவாக்கில் எட்டுப் பகுதிகள். குத்தகைக்காரர்கள் மடத்துக்கு அளந்த தானியமும் தோலும் ஆட்டு ரோமமும் இங்கே குவிந்தன. உள்ளே போனதும் கண் இருட்டுக்குப் பழக ஒரு நிமிடம் கொடுத்துவிட்டு அண்ணாந்து பாருங்கள். பக்கத்திலேயே குடித்துவிட்டுக் கலாட்டா செய்தவர்களை அடைத்துவைத்த சிறு கல் கொட்டடி. எட்டிப் பார்த்துவிட்டு நகரலாம்.

வெஸ்ட் ஸ்ட்ரீட்டில் தி ஜார்ஜ் இன் என்ற பழைய மதுக்கடை. சாப்பாட்டைவிட அதன் கணப்படுப்புக்காகவே போகலாம். அடுப்பருகே மரச்சக்கரம் ஒன்று இன்னும் இருக்கிறது. அதற்குள் குட்டைக்கால் நாயை ஏற்றி ஓடவிடுவார்கள். சக்கரம் சுழல, அதில் பிணைத்த கயிறு நெருப்பின் மேலிருக்கும் இறைச்சிக் கம்பியைச் சுழற்றும். அந்த நாய் இனமே இப்போது இல்லை. கூட்டமான மதிய வேளையில் சக்கரத்துக்கு அடியிலுள்ள மேசையில் யாராவது உட்கார்ந்து சாப்பிட்டுக்கொண்டிருப்பார்கள், அவர்கள் தலைக்கு மேல் எட்டிப் பார்ப்பது அழகில்லை. கடை திறந்ததுமே போய் ஏதாவது குடிக்க வாங்கிக்கொண்டு நிதானமாகப் பாருங்கள்.

இனி டிக்கெட். அது மூன்று இடங்களுக்குச் செல்லும்: வாசலருகே உள்ள ஃபாக்ஸ் டால்பட் அருங்காட்சியகம், மடத்தின் கீழ்த்தளச் சுற்று நடை (முற்றத்தைச் சுற்றிப் போகும் கூரையிட்ட நடைபாதை), மாடி அறைகள். பெரும்பாலோர் நேரே சுற்று நடைக்கு ஓடுகிறார்கள், ஹாரி பாட்டர் படங்களில் மந்திரப் பள்ளியாக வந்த இடம் என்பதால். சுற்று நடை அழகுதான், மறுப்பதற்கில்லை. ஆனால் அது எங்கும் போய்விடாது. மாடி அறைகளுக்குத்தான் நேரம் குறைவு: தாமதமாகத் திறந்து சீக்கிரம் மூடுவார்கள், குளிர்காலத்தில் சில அறைகள் மட்டுமே திறந்திருக்கும். ஆகவே முதலில் அருங்காட்சியகம், பிறகு மாடி, கடைசியில் சுற்று நடை.

அருங்காட்சியகத்தைத் தாவிவிட்டு மாடி ஏறினால், தெற்குக் கூடத்து ஜன்னல் வெறும் ஜன்னலாகத்தான் தெரியும். வெளியே புடைத்து நிற்கும் மூன்று ஜன்னல்களில் நடுவில் உள்ளதை, 1835 ஆகஸ்டில், அப்போது இந்த மடத்தின் உரிமையாளராக இருந்த புகைப்படக்கலை முன்னோடி வில்லியம் ஹென்றி ஃபாக்ஸ் டால்பட் ஒரு சிறு மரப்பெட்டிக் கேமராவால் படம் பிடித்தார். இன்று உலகில் எஞ்சியிருக்கும் மிகப் பழைய கேமரா நெகட்டிவ் (வெளிச்சமும் இருட்டும் தலைகீழாகப் பதியும் படம்) அதுதான். தபால் தலையைவிடக் கொஞ்சம் பெரிய காகிதத் துண்டு. புதிதாக இருந்தபோது, கண்ணாடிச் சில்லுகள் சுமார் 200ஐயும் லென்ஸ் வைத்து எண்ண முடிந்தது என்று அவரே பக்கத்தில் எழுதி வைத்திருக்கிறார்.

செய்முறை இது. நல்ல எழுதுதாளை நீர்த்த உப்புக் கரைசலில் நனைத்து உலர்த்த வேண்டும். ஒரு பக்கம் சில்வர் நைட்ரேட் கரைசலைத் தடவினால் தாளிலேயே சில்வர் குளோரைடு உண்டாகும். அதைப் பெட்டிக்குள் வைத்து லென்ஸ் வழியாக நெடுநேரம் வெளிச்சம் காட்டினால், ஒளி பட்ட இடம் தானாகவே கறுக்கும். டால்பட்டின் கெட்டிக்காரத்தனம் உப்பின் அளவில் இருக்கிறது. உப்பு குறைவாக இருந்தால் தாள் வேகமாகக் கறுக்கும். அதிகமானால் கறுப்பது மந்தமாகிவிடும். இதைக் கண்டுகொண்டவர், தொடக்கத்தில் நீர்த்த உப்பும், படம் விழுந்தபின் அதை நிறுத்தக் கெட்டியான உப்புக் கரைசலும் பயன்படுத்தினார். ஒரே பொருள்தான் படத்தைத் தொடங்கியது, முடித்தும் வைத்தது. ஆனால் இப்படி நிறுத்திய படம் முழுதாக நிலைப்பதில்லை, வெளிச்சத்தில் வைத்தால் மெல்லக் கெடும். அதனால்தான் மூல நெகட்டிவை எங்கும் சுவரில் மாட்டி வைப்பதில்லை. அது லேக்காக்கிலும் இல்லை, பிராட்ஃபோர்டில் உள்ள தேசிய அறிவியல் ஊடக அருங்காட்சியகத்தின் சேகரிப்பில் இருக்கிறது. இங்கே நீங்கள் பார்ப்பது நகல். இது தெரியாமல் வந்து ஏமாறுகிறவர்கள் உண்டு.

ஜன்னலைப் போனில் எடுக்கும்போது எல்லோருக்கும் நேர்வது ஒன்றுதான்: கூடம் இருட்டு, கண்ணாடி பளிச், போன் கூடத்தைப் பார்த்து வெளிச்சத்தைக் கூட்டிவிட, கண்ணாடி வெள்ளை அப்பலாகிவிடும். திரையில் கண்ணாடியின் மேல் விரலை அழுத்திப் பிடித்து, வெளிச்சத்தை நன்றாகக் குறையுங்கள். சுவர் கறுத்துப் போனால் போகட்டும். ஃபிளாஷ் வேண்டாம், அனுமதியும் இல்லை. எடுத்த படத்தை எடிட்டிங் செயலியில் கறுப்பு வெள்ளையாக்கி நிறத்தைத் தலைகீழாக்கினால், கண்ணாடிகள் கறுத்து, இடையிலுள்ள சட்டங்கள் வெளுத்து, கிட்டத்தட்ட டால்பட் கண்ட நெகட்டிவே திரையில் வந்துவிடும். டிக்கெட் காசில் பாதி இந்த ஒரு இடத்திலேயே வசூல்.

மற்ற அறைகளில் நிதானிக்க வேண்டியது கோதிக் (Gothic) பாணியில் அமைந்த பெருங்கூடம். 1750களில் கட்டியது. சுவர் மாடங்களில் சுடுமண் சிலைகள். அவற்றில் ஒரு ஆட்டின் மூக்கின் மேல் சர்க்கரைக் கட்டி இருக்கும். யாரோ மாணவர் விளையாட்டாக வைத்தது வழக்கமாகிவிட்டதாம். தன்னார்வலர்களிடம் கேட்டால் சுவாரஸ்யமாகச் சொல்வார்கள். அறைகளில் விளக்கப் பலகை குறைவு என்பதால் அவர்களிடம் கேட்பதுதான் வழி. வாய் திறக்காமல் நடந்தால் பழைய நாற்காலிகள்தான் மிச்சம்.

கடைசியாகச் சுற்று நடை. 1232இல் சாலிஸ்பரி சீமாட்டி எலா நிறுவிய மடம் இது. பின்னாளில் அவரே இங்கே தலைவியானார். 1539இல் அரசன் எட்டாம் ஹென்றி மடங்களைக் கலைத்தபோது, வில்லியம் ஷாரிங்டன் இதை வாங்கித் தேவாலயத்தை இடித்தார், சுற்று நடையை விட்டுவைத்தார். கன்னியர்கள் குளிர்காய்ந்த வெப்ப அறையில் நிற்கும் பெரிய உலோகக் கொப்பரை 1500இல், இன்றைய பெல்ஜியத்தில் உள்ள மெக்கலன் நகரில் வார்த்தது. தளக்கற்கள் சமமாக இல்லை, மாடிக்குப் படிதான். நடக்கச் சிரமப்படும் பெரியவர்களை அழைத்துவந்தால் அவர்களுக்குத் தோட்டமும் அருங்காட்சியகமும் போதும்.

சரித்திரப் படங்களில் வந்த தெருக்களுக்காக மட்டும் வருகிறீர்கள் என்றால் டிக்கெட்டை விட்டுவிட்டுத் தெருக்களோடு நிறுத்திக்கொள்ளுங்கள். கேமராவில் ஆர்வமுள்ளவர்களுக்கு யோசிக்கவே வேண்டாம். வருடத்தில் இரண்டு மூன்று டிரஸ்ட் இடங்களுக்காவது போகிற குடும்பம், தனி டிக்கெட்டையும் உறுப்பினர் கட்டணத்தையும் வாசலில் ஒப்பிட்டுப் பார்ப்பது நல்லது.

தின்பண்டத்தில் வில்ட்ஷயரில் பேர்பெற்றது லார்டி கேக். ரொட்டி மாவுக்குள் பன்றிக் கொழுப்பு, சர்க்கரை, உலர்திராட்சை வைத்து மடித்து மடித்துச் சுடுவது. சுட்டதும் தலைகீழாகக் கவிழ்த்து வைப்பார்கள், அடியில் உருகிய கொழுப்பும் சர்க்கரையும் மீண்டும் உள்ளே இறங்குவதற்காக. சூடாக இருந்தால் அருமை, ஆறினால் கொழுப்பு வாயில் ஒட்டும். பார்ப்பதற்குச் சாதாரண இனிப்பு ரொட்டி போலத்தான் இருக்கும். சைவர்களும் பன்றி சேர்க்காதவர்களும் கேட்டு வாங்குங்கள்.