டைம்கிராஃபர்: எண்ணுக்கு முன்னால் கோட்டைப் பாருங்கள்

சாவி கொடுக்கும் கடிகாரம் ஒரு நாளில் எத்தனை நொடி முந்துகிறது, பிந்துகிறது என்று தெரிய, மொபைலில் மணி பார்த்துக் குறித்துவைத்தாலே போதும். 'டிக்' ஒலியை மைக்கில் கேட்டு அளக்கும் கருவியான டைம்கிராஃபர் அதற்கல்ல. நேரம் எங்கே இடறுகிறது என்பதைக் கோடாகப் போட்டுக் காட்டுவதுதான் அதன் வேலை. சின்னத் திரையும் தனி மைக் ஸ்டாண்டும் கொண்ட சாதாரண சீனத் தயாரிப்பை ஆண்டுக்கணக்கில் புழங்கியதில் தெரிந்தவை இவை.

நம் காதுக்கு ஒரே 'டிக்'காகக் கேட்பது உண்மையில் மூன்று தட்டுகள். இருபுறமும் ஊசலாடும் சக்கரமான பேலன்ஸ் வீலின் ஜுவல் (சிறு கல்), பேலட் ஃபோர்க் என்ற கவையை இடிப்பது முதலாவது. சாவியின் விசையைத் துளித்துளியாக விடும் எஸ்கேப் வீலின் பல், அந்தக் கவையிலுள்ள கல்லான பேலட்டைத் தள்ளுவது இரண்டாவது. அடுத்த பல் வந்து பூட்டிக்கொள்வது மூன்றாவது. முதல் தட்டுக்கும் மூன்றாவதற்கும் உள்ள இடைவெளியை வைத்துத்தான் பேலன்ஸ் எத்தனை டிகிரி வீசுகிறது (ஆம்ப்ளிட்யூட்) என்று கருவி கணக்குப் போடுகிறது. மணிக்கு 18000 துடிப்புள்ள கடிகாரம் 270 டிகிரி வீசினால் அந்த இடைவெளி சுமார் 12 மில்லிசெகண்ட். வீச்சு 180க்கு இறங்கினால் 18க்கு மேல்.

இந்தக் கணக்குக்கு லிஃப்ட் ஆங்கிளை, அதாவது முதல் தட்டிலிருந்து மூன்றாவது வரை பேலன்ஸ் திரும்பும் கோணத்தை, நாம்தான் கொடுக்க வேண்டும். கருவியைப் போட்டதும் 52 என்று நிற்கும். பலர் அதை அப்படியே விட்டுவிடுகிறார்கள். கடிகாரத்தின் உள் இயந்திரங்களில் ஈட்டா 2824-க்கு 50, சீக்கோ 7எஸ்26-க்கு 53 என்பதால் அங்கே பெரிய பாதகமில்லை. யூனிடாஸ் 6497-க்கு 44. அதை 52-இலேயே வைத்துப் பார்த்தால் திரை 270 காட்டும்; உண்மை வீச்சோ 228. சர்வீஸ் கேட்கிற கடிகாரத்தை நல்லது என்று மூடிவைத்துவிடுவோம். முந்துவதும் பிந்துவதும் இந்த எண்ணால் மாறாது, வீச்சு மட்டும்தான் பொய்யாகும்.

லிஃப்ட் ஆங்கிள் தெரியாத பழைய கடிகாரத்துக்கும் வழி உண்டு. பேலன்ஸ் விளிம்பில் மார்க்கர் பேனாவால் ஒரு புள்ளி வையுங்கள். பாதிக்கும் குறைவாகச் சாவி கொடுத்து, மொபைலில் ஸ்லோமோஷன் எடுங்கள். வீச்சு சரியாக 180 ஆகும்போது, இரு பக்கத் திருப்பத்திலும் அந்தப் புள்ளி ஒரே இடத்தில் வந்து நிற்கும். அந்த நேரத்தில் திரையிலும் 180 வரும்வரை லிஃப்ட் ஆங்கிளை மாற்றுங்கள். வேலை முடிந்ததும் புள்ளியைத் துடைக்க மறந்துவிட வேண்டாம். மை கூட எடைதான்.

இனி கோடு. இரண்டு வரிசைப் புள்ளிகள் ஓடும். மேல்நோக்கி ஏறினால் முந்துகிறது, இறங்கினால் பிந்துகிறது. இரண்டு வரிசைக்கும் நடுவிலுள்ள இடைவெளிதான் பீட் எரர், அதாவது 'டிக்'குக்கும் 'டாக்'குக்கும் உள்ள நேர வித்தியாசம். 0.8 மில்லிசெகண்டுக்குள் இருந்தால் கை வைக்காதீர்கள். அதற்கு மேல் போனால் பேலன்ஸோடு சேர்ந்த மெல்லிய சுருள்வில்லான ஹேர்ஸ்பிரிங்கின் நுனியைப் பிடித்திருக்கும் ஸ்டட் கையை மயிரிழை நகர்த்தி முதலில் அதைச் சரிசெய்யுங்கள். வேகத்துக்கான லீவரைப் பிறகு தொடுங்கள். வரிசை மாறினால் இரண்டு முறை உழைக்க வேண்டும்.

கோடு நேராக ஓடாமல் அலைபோல வளைந்தால், ஒரு அலைக்கு எத்தனை நொடி என்று எண்ணுங்கள். 18000 துடிப்பும் 15 பல் எஸ்கேப் வீலும் உள்ள கடிகாரத்தில் அலை 6 நொடிக்கு ஒருமுறை வந்தால் எஸ்கேப் வீலில் கோளாறு. 60 நொடிக்கு ஒருமுறை என்றால், நொடிமுள்ளைச் சுமக்கும் நான்காவது சக்கரத்தில் ஏதோ பல் வளைந்திருக்கிறது, அல்லது பல்லிடுக்கில் அழுக்கு. கடிகாரத்தைத் திறக்கும் முன்பே இவ்வளவு சொல்லிவிடுகிறது என்பதற்காகவே கொடுத்த காசு தகும். கோடு செங்குத்தாக ஏறி, நாளுக்குப் பல நூறு நொடி முந்துவதாகக் காட்டினால் எண்ணெயைத் தேடாதீர்கள். பெரும்பாலும் காந்தம் ஏறி ஹேர்ஸ்பிரிங் சுருள்கள் ஒன்றோடொன்று ஒட்டியிருக்கும். காந்தத்தை நீக்கும் டீமேக்னடைசரின் பட்டனை அழுத்தியபடியே கடிகாரத்தைக் கைநீளம் விலக்கி, அதன் பிறகு பட்டனை விடுங்கள். பக்கத்தில் வைத்தே விட்டால் மறுபடி காந்தம் ஏறும்.

புள்ளிகள் பனிபோலச் சிதறினால் எந்த எண்ணையும் நம்ப வேண்டாம். அழுக்கேறிய கடிகாரம் திடீரென 340 காட்டுவதும் இதே கதைதான்: முதல் தட்டு மெலிந்து மைக்குக்கு எட்டவில்லை, கருவி இரண்டாவதிலிருந்து அளக்கிறது, இடைவெளி குறைந்து வீச்சு பெரிதாகிவிடுகிறது. கெயினை (மைக்கின் ஒலிப்பெருக்கத்தை) கூட்டியோ குறைத்தோ பாருங்கள். துடிப்பு எண்ணையும் ஆட்டோவில் விடாமல் கையால் வையுங்கள். எஸ்கேப் வீலும் பேலட்டும் வேறு விதமாக அமைந்த கோ-ஆக்சியல் எஸ்கேப்மென்டில் தட்டுகளின் ஒலியே வேறு. லிஃப்ட் ஆங்கிளை 38 என்று வைத்தாலும் வீச்சை அரைமனதோடுதான் எடுத்துக்கொள்ள வேண்டும்.

முழுச் சாவி கொடுத்து அரைமணி நேரம் விட்டுத்தான் அளக்க வேண்டும். டயல் மேலே, டயல் கீழே, பிறகு கடிகாரத்தை நிமிர்த்தி, கிரவுன் (சாவிக் குமிழ்) நோக்கும் திசையை மாற்றி மாற்றி நான்கு நிலைகள். ஒவ்வொரு முறை திருப்பியதும் அரை நிமிடம் பொறுத்து எண்ணைக் குறியுங்கள். படுத்த நிலையில் 270க்கு மேல், நிமிர்ந்தால் 20 முதல் 40 டிகிரி குறைவு என்பது ஆரோக்கியம். மறுநாள் அதே நேரத்தில், சாவி கொடுக்காமல் இன்னொரு முறை அளங்கள். 200க்குக் கீழே போயிருந்தால் ஆயிலிங் வேண்டும். சுவிஸ் சான்று நிறுவனமான காஸ்க் நாளுக்கு -4 முதல் +6 நொடி என்று வைத்திருப்பது 15 நாள், ஐந்து நிலை, மூன்று வெப்பநிலைச் சோதனைக்குப் பிறகு. மேஜையில் ஒரு நிமிடம் '+2' காட்டியதும் அதோடு ஒப்பிடுவது நியாயமில்லை.

கருவிக்குள் இருக்கும் குவார்ட்ஸ் படிகமும் பிசகும். பத்து லட்சத்தில் பத்துப் பங்கு பிசகினாலே நாளுக்கு 0.86 நொடி. அதனால் ஒரு நொடிக்குக் கீழான வித்தியாசத்துக்கு லீவரைத் தள்ளிக்கொண்டிருக்க வேண்டாம்.

நாள்பட முதலில் தளர்வது கடிகாரத்தைக் கவ்வும் ஸ்பிரிங். பிடி தளர்ந்தால் ஒலி மைக்குக்குச் சரியாக ஏறாது, நல்ல கடிகாரமும் பனி கொட்டும். உலோக ஸ்ட்ராப்பை அவிழ்த்துவிட்டு, கிரவுன் பக்கம் மைக்கின் உலோக முனையில் உரசும்படி வையுங்கள். அடுத்தது ஸ்டாண்டிலிருந்து கேபிள் வெளிவரும் இடம். திருப்பித் திருப்பி அங்கேதான் அறுகிறது. மின்விசிறி ஓடும் மேஜையில் ஸ்டாண்டுக்கு அடியில் ஒரு மவுஸ்பேட் போடுங்கள்.