டெம்ப்ளரின் தடத்தில் ஓர் அரைநாள்: கோலாலம்பூர் வரலாற்றுச் சுற்றுலா

கோலாலம்பூரில் தமிழிலேயே நடத்தப்படும் வரலாற்றுச் சுற்றுலாக்கள் மிகக் குறைவு. அவற்றுள்ளும் மலாயாவில் கம்யூனிஸ்ட் கெரில்லாக்களை ஒடுக்கப் பிரிட்டிஷ் ஆட்சி 1948இல் அறிவித்த அவசரகாலத்தை மட்டுமே எடுத்துக்கொண்டு, ஜெரால்டு டெம்ப்ளர் என்ற பிரிட்டிஷ் படைத்தலைவரின் பணிவாழ்வை ஒட்டிச் செல்லும் இந்த வேன் சுற்றுலாவைப் போல் வேறொன்றை நான் அறியேன். காலைப் பசியாறலும் சேர்த்து நபருக்கு 90 ரிங்கிட். ஞாயிறு காலை பிரிக்பீல்ட்ஸில் புறப்பட்டு, நண்பகல் தாண்டியதும் அங்கேயே கொண்டுவந்து விடுகிறார்கள்.

1898இல் கோல்செஸ்டரில் பிறந்தது, ராயல் ஐரிஷ் பியூசிலியர்ஸ் படைப்பிரிவில் சேர்ந்து முதல் உலகப் போரைக் கண்டது, 1936இல் பாலஸ்தீனத்தில் ஆற்றிய பணிக்காக டி.எஸ்.ஓ. என்னும் பிரிட்டிஷ் இராணுவ விருது பெற்றது, 1944இல் இத்தாலியில் கண்ணிவெடியால் முதுகில் காயமுற்றது ஆகியவற்றையெல்லாம் வழிகாட்டி வேனிலேயே சுருக்கமாகச் சொல்லி முடித்துவிடுகிறார். அது சரியான முடிவே. நமக்கு வேண்டிய டெம்ப்ளர் 1952 பிப்ரவரியில்தான் தொடங்குகிறார்.

ஏரிப் பூங்காவை ஒட்டிய குன்றின் மேல், அன்று கிங்ஸ் ஹவுஸ் எனப்பட்ட ஸ்ரீ நெகாரா மாளிகை இருக்கிறது. வேன் அதன் அடிவாரத்தில் நின்றபோது கேட்ட விளக்கம் மிகத் தெளிவானது. 1951 அக்டோபர் 6ஆம் நாள் பிரேசர் மலைக்குச் செல்லும் வழியில், மலாயாவில் பிரிட்டிஷ் ஆட்சியின் தலைவரான உயர் ஆணையர் ஹென்றி கர்னி கெரில்லாக்களால் சுட்டுக் கொல்லப்பட்டார். அவருக்குப் பின் வந்த டெம்ப்ளரிடம் ஆட்சிப் பொறுப்பும் இராணுவ நடவடிக்கைப் பொறுப்பும் ஒருங்கே ஒப்படைக்கப்பட்டன. கெரில்லாக்களுக்கு உதவி கிடைக்காதபடி மக்களை வேலியிட்ட புதுக்கிராமங்களில் குடியேற்றும் திட்டத்தை வகுத்தவர் அவரல்லர், அவருக்கு முன் இராணுவ நடவடிக்கைகளை இயக்கிய ஹரோல்டு பிரிக்ஸ். ஆனால் பிரிக்ஸுக்குக் கிட்டாத அதிகாரம் டெம்ப்ளருக்குக் கிட்டியது என்று வழிகாட்டி பிரித்துக் காட்டியது பாராட்டுக்குரியது.

ரவாங் அருகே, அவர் பெயரையே தாங்கி நிற்கும் டெம்ப்ளர் பூங்காவில் தஞ்சோங் மாலிம் வரலாறு சொல்லப்படுகிறது. 1952 மார்ச்சில், தண்ணீர்க் குழாயைப் பழுதுபார்க்கச் சென்ற குழு அவ்வூருக்கு அருகே தாக்கப்பட்டு 12 பேர் மாண்டனர். டெம்ப்ளர் ஊர் முழுவதற்கும் நாளொன்றுக்கு 22 மணிநேர ஊரடங்கு விதித்து, அரிசிப் பங்கீட்டையும் வெட்டினார். பிறகு வீடுதோறும் படிவம் கொடுத்து, தெரிந்ததைப் பெயரிடாமல் எழுதச் சொல்லி, பூட்டிய பெட்டிகளில் திரட்டிக் கோலாலம்பூருக்குக் கொண்டுவரச் செய்தார். வழிகாட்டி எங்கள் ஒவ்வொருவரிடமும் ஒரு வெற்றுத்தாளைக் கொடுத்து, "உங்கள் பக்கத்து வீட்டுக்காரரைப் பற்றி எழுதுங்கள்" என்றார். ஒருவரும் பேனாவை எடுக்கவில்லை. மக்கள் மனத்தை வென்றவர் என்று புகழப்படும் ஒருவரின் ஆட்சி சாதாரண மனிதருக்கு எப்படி இருந்திருக்கும் என்பதை எந்தக் கண்காட்சிக் கூடமும் எனக்கு இவ்வளவு நன்றாக உணர்த்தியதில்லை.

குறை என்று பார்த்தால், அது நம்மவரைப் பற்றியது. தோட்டப்புறங்களில் தொழிலாளர் குடியிருப்புகளான லயங்களை ஓரிடத்தில் திரட்டி முள்வேலியிட்டதும், கெரில்லாக்களுக்குக் கொடுக்க உணவு கொண்டுபோகிறார்களா என்று பால்மரம் வெட்டப் போகிறவர்களைச் சோதனையிட்டதும் தமிழர்களின் அவசரகால வாழ்க்கை. அதற்கு ஐந்து நிமிடம்கூட ஒதுக்கப்படவில்லை. புடு சிறையின் பழைய வாசலைக் கடந்து வேன் போகிறது; 1949 மே 4ஆம் நாள் அங்கே தூக்கிலிடப்பட்ட தொழிற்சங்கத் தலைவர் எஸ்.ஏ.கணபதியின் பெயரை யாரும் சொல்லவில்லை. அது டெம்ப்ளர் வருவதற்கு முந்தைய நிகழ்ச்சிதான். ஆயினும் அவர் எத்தகைய நாட்டுக்கு வந்து சேர்ந்தார் என்பதை அதைவிடச் சுருக்கமாகச் சொல்ல வழியில்லை, அதுவும் தமிழில் நடக்கும் சுற்றுலாவில்.

1953 செப்டம்பரில் மலாக்காவின் ஒரு பகுதி கட்டுப்பாடுகள் நீங்கிய வெள்ளைப் பகுதியாக முதன்முதலில் அறிவிக்கப்பட்டதையும், நாடு திரும்பிய டெம்ப்ளர் 1956இல் பீல்டு மார்ஷல் ஆனதையும் திரும்பும் வழியில் கேட்டோம். வேனின் ஒலிபெருக்கி பின்னிருக்கைக்குச் சரியாகக் கேட்பதில்லை. முதியவர்கள் முன்னிருக்கையைக் கேட்டு வாங்கிக்கொள்வது நல்லது. ஐந்தாம் படிவத்து எஸ்.பி.எம். தேர்வுக்கு வரலாறு படிக்கும் பிள்ளைகளைக் கட்டாயம் அழைத்துச் செல்லுங்கள். புறப்படும் முன்பே தோட்டங்களைப் பற்றியும் புடுவைப் பற்றியும் வழிகாட்டியிடம் கேட்கச் சொல்லுங்கள். கேட்டால் சொல்லக்கூடியவர்தாம் அவர்.